தேநீர்த் தட்டோடு நிற்கிறவள் – அஜர்பைஜான் சினிமாவை முன்வைத்து

ஒரு படம் முடிகிறபோது நாலு கல்யாணம் நடக்கிறது. முதலாளிக்குப் பிரபு வீட்டுப் பெண். முதலாளியின் நண்பனுக்கு அந்தப் பெண்ணின் ஒன்றுவிட்ட சகோதரி. முதலாளியின் சித்திக்கு அந்தப் பெண்ணைப் பெற்ற பிரபு. முதலாளி வீட்டு வேலைக்காரனுக்குப் பிரபு வீட்டு வேலைக்காரி. எல்லோரும் பாடுகிறார்கள், ஆடுகிறார்கள். நானும் தொடையில் தாளம் போட்டுக்கொண்டுதான் பார்த்தேன். பாட்டு அவ்வளவு நல்லா இருந்தது. விளக்கை அணைத்துப் படுத்த பிறகுதான் உறைத்தது. நாலு ஜோடியில் ஒருத்தர்கூட வரிசை மாறலை. மேலே இருக்கிறவங்க மேலேயே, கீழே இருக்கிறவங்க கீழேயே. காதலாம், கல்யாணமாம், எல்லாம் அந்தந்த வரிசைக்குள்ளேயே முடிஞ்சு போச்சு.

படத்தின் பெயர் 'அர்ஷின் மால் ஆலான்'. அர்ஷின் என்பது ஒரு கஜத்துக்குக் கொஞ்சம் குறைந்த பழைய அளவு. அந்த அளவில் துணி அளந்து கொடுத்துத் தெருத் தெருவாகக் கூவி விற்கிறவன்தான் தலைப்பில் இருக்கிறான். உஸெயிர் ஹாஜிபெய்லி எழுதி இசையமைத்து 1913இல் மேடையேறிய நாடகம் அது. 1945இல் ரிஸா தஹ்மாசிப்பும் நிகோலாய் லெஷென்கோவும் சேர்ந்து படமாக்கினார்கள். ரஷீத் பெஹ்பூதோவ் என்கிற பெரிய பாடகர் கதாநாயகன். மறு வருஷமே ஸ்டாலின் பரிசு கிடைத்தது.

இந்தப் பத்திரிகையில் அஜர்பைஜானுக்கு என்னய்யா வேலை என்று கேட்பீர்கள். நியாயமான கேள்விதான். காஸ்பியன் கடலோரத்தில், ரஷ்யாவுக்கும் ஈரானுக்கும் நடுவில், ஏறக்குறைய ஒரு கோடிப் பேர் இருக்கிற நாடு. 1991இல் சோவியத் யூனியனிலிருந்து தனியானது. பெரும்பாலோர் முஸ்லிம்கள். நம்ம ஊர்ச் சாதி அங்கே கிடையாது. அங்கே போய் சாதியைத் தோண்டி எடுத்துவிட்டேன் என்று நான் பெருமையடிக்கப் போவதில்லை. ஆனால் பிரபு இருந்தான், வியாபாரி இருந்தான், குடியானவன் இருந்தான், வேலைக்காரி இருந்தாள். 'நாமூஸ்' என்று ஒரு சொல் இருக்கிறது; குடும்பத்தின் மானம் என்று அர்த்தம். அந்த மானத்தைப் பெண்ணின் உடம்பில் கொண்டுபோய் வைத்திருந்தார்கள். நம்ம கண்ணுக்குப் பழக்கமான சாமான்கள்தானே இவை? ஒரு நண்பர் பென் டிரைவில் தந்த படங்களை ஒன்றிரண்டாகப் பார்க்க ஆரம்பித்து, ஒரு வருஷமாக அங்கேயே சுற்றிக்கொண்டிருக்கிறேன்.

முதலில் அந்தத் துணி வியாபாரி கதையைச் சொல்லிவிடுகிறேன். அஸ்கர் பணக்கார வியாபாரி. கட்டிக்கப்போகிற பெண்ணைப் பார்க்காமல் கட்ட மாட்டேன் என்கிறான். அந்தக் காலத்தில் ஓர் அந்நிய ஆண் பெண்ணின் முகத்தைப் பார்க்க முடியாது. என்ன செய்வது? துணி விற்கிறவன் மாதிரி வேஷம் போடு என்று நண்பன் சுலைமான் யோசனை சொல்கிறான். துணி விற்கிறவன் எந்த வீட்டு முற்றத்துக்குள்ளும் போகலாம். பெண்கள் வந்து துணியைத் தொட்டுப் பார்ப்பார்கள், பேரம் பேசுவார்கள். முகம் தெரியும்.

இந்த இடத்தில் படத்தை நிறுத்திவிட்டேன். துணி விற்கிறவனும் ஆம்பளைதானே? அவன் முன்னால் மட்டும் ஏன் முகத்தை மூட வேண்டியதில்லை? ஏன்னா அவன் ஆம்பளைக் கணக்கிலேயே சேர்த்தியில்லை. இதை எங்க தாத்தா வேறு மாதிரி சொல்வார். ஊர்த்தெருவில் வேலைக்குப் போனால் அந்த வீட்டுப் பெண்கள் இவர் நிற்பதைக் கவனிக்காமலே எல்லாவற்றையும் பேசிக்கொண்டிருப்பார்களாம். தூண் நிற்கிற மாதிரி, மாடு நிற்கிற மாதிரி. நம்பிக்கையாலே பேசினாங்கன்னு நினைக்காதேடா, நம்மளை ஆளா நினைக்கலைன்னு வச்சுக்கோ என்பார். அஸ்கர் அந்தக் கவனிக்கப்படாமையை ஒரு சட்டை மாதிரி வாடகைக்கு எடுத்துப் போட்டுக்கொள்கிறான். வேலை முடிந்ததும் கழற்றிவிடுகிறான். நிஜமான துணி வியாபாரியால் கழற்ற முடியுமா?

பெண் குல்ச்சோஹ்ரா துணி விற்கிறவனையே விரும்புகிறாள். அவள் நெஞ்சு சுத்தம். அவன் யாரென்று தெரியாமலே, ஏழை என்று நம்பியே விரும்புகிறாள். அப்பன் சுல்தான் பே குதிக்கிறார். தெருவில் கூவி விற்கிறவனுக்கு என் மகளா? அந்தக் கோபத்தில் ஒரு பணக்கார வியாபாரிக்கு அவளைக் கொடுக்கச் சம்மதிக்கிறார். அழுது சாகப் போகிறவளின் முன்னால் வந்து நிற்கிறான் மாப்பிள்ளை. பார்த்தால், அதே ஆள். அப்பாடா! பெண்ணுக்குக் காதலன் கிடைத்தான், அப்பனுக்குப் பணக்கார மருமகன் கிடைத்தான், யாருக்கும் நஷ்டமில்லை. அவன் நிஜமாகவே துணி விற்கிறவனாக இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? படம் இந்தக் கேள்வியின் வாசல்வரை வந்து திரும்பிவிடுகிறது. ஏழை வேஷத்தில் வருகிற பணக்கார மாப்பிள்ளையை நம்ம ஊர்ப் படங்களிலும் எத்தனை தடவை பார்த்துக் கைதட்டியிருக்கிறோம்.

இதை ஒரு தோழரிடம் சொன்னேன். "என்ன தோழர், பாட்டுப் படத்துல போய் வர்க்கம் தேடுறீங்க? 1913ல ஒருத்தன் பொண்ணும் மாப்பிள்ளையும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கணும்னு எழுதினதே கலகம் இல்லையா?" என்றார். அவர் சொன்னதில் உண்மை இருக்கிறது. இந்த நாடகம் முதலில் மேடையேறியபோது பெண் வேஷத்தையும் ஆண்கள்தான் கட்டினார்கள். அஹ்மத் அக்தாம்ஸ்கி என்கிற நடிகர் பெண் வேஷத்துக்கே பேர் போனவர். ஒரு பெண் மேடையில் நிற்கவே முடியாத ஊரில், பெண்ணின் விருப்பத்தை நடுவில் வைத்து ஊரையே சிரிக்க வைத்தது சின்ன விஷயமில்லை. ஹாஜிபெய்லியை நான் குறைத்துப் பேசலை. அந்தக் கலகம் எந்தப் படியில் வந்து நின்றது என்றுதான் கேட்கிறேன். வேலைக்காரி தெல்லியும் வேலைக்காரன் வலியும்கூடத்தான் ஜோடி சேர்கிறார்கள். அது படத்தில் சிரிப்பு. எஜமானர்களுக்குக் காதல் வந்தால் பாட்டு, வேலைக்காரர்களுக்கு வந்தால் சிரிப்பு.

*

தெல்லிக்காவது அவளை விரும்புகிற ஒருத்தன் கிடைத்தான். சனத்தின் கதை வேறே.

'ஓ ஒல்மாசின், பு ஒல்சுன்'. இதுவும் ஹாஜிபெய்லியின் நாடகம்தான். ஹுசெயின் செயித்ஸாதே 1956இல் படமாக்கினார். அவள் இல்லாட்டிப் போகட்டும், இவள் இருக்கட்டும் என்று தலைப்புக்கு அர்த்தம். மஷாதி இபாத் என்கிற கிழட்டு வியாபாரி. கடனில் மூழ்கின ருஸ்தம் பே தன் மகள் குல்நாஸை அவனுக்குக் கட்டிவைக்கச் சம்மதிக்கிறார். அவளோ சர்வர் என்கிற மாணவனை விரும்புகிறாள். கிழவனாக நடித்த அலியாகா அகாயெவின் முகத்தை மறக்க முடியாது. அந்த ஆசையையும் அசட்டுத்தனத்தையும் பார்த்தால் கோபம் வராது, சிரிப்புதான் வரும். படத்தின் கிண்டல் கிழவனோடு நிற்பதில்லை. தேசம் தேசம் என்று பேசுகிறவனும், பத்திரிகைக்காரனும், கூலிக்கு அடிக்கிற 'கோச்சு'வும் ஒரே மேசையில் உட்கார்ந்து அந்தக் கிழவன் பணத்தில் தின்கிறார்கள். பணத்தைக் கொடுத்தால் மகளை விற்கிற அப்பனுக்கும் கொள்கையை விற்கிற அறிவாளிக்கும் வித்தியாசமில்லை என்று 1911இல் அரங்கேறிய ஒரு பாட்டு நாடகம் சொல்லியிருக்கிறது. இந்தக் காட்சியை நம்ம இயக்கத்துக்காரர்களும் மாணவத் தோழர்களும் கட்டாயம் பார்க்கணும்.

ஆனால் முடிவு? இளசுகள் ஜெயிக்கிறார்கள். கிழவன் ஏமாந்து நிற்கிறான். ஏமாந்தவனுக்கு ஏதாவது கொடுத்தனுப்ப வேண்டாமா? அந்த வீட்டு வேலைக்காரியைக் கொடுத்துவிடுகிறார்கள். அவள் பெயர் சனம். அவர்கள் மொழியில் அதற்கு அழகி என்பது மாதிரி அர்த்தம். நம்ம காதுக்கு அது வேறே கேட்கிறது: சனம், நம்ம சனம். தலைப்பில் 'இவள்' என்று சொன்னது இவளைத்தான். குல்நாஸைக் கிழவனிடமிருந்து காப்பாற்றத்தான் இத்தனை ஓட்டம், வேஷம், தந்திரம். அதே கிழவனுக்குச் சனத்தைக் கொடுக்கும்போது அரங்கம் முழுக்கச் சிரிப்பு. குல்நாஸுக்குக் கொடுமை என்று பட்டது சனத்துக்கு மட்டும் எப்படி அதிர்ஷ்டமாகிறது?

அந்த நாட்டில் ஒரு வழக்கம் உண்டு. பெண் கேட்டு வருகிறவர்களுக்குச் சர்க்கரை போட்ட தேநீர் வந்தால், பெண் வீட்டார் சம்மதித்துவிட்டார்கள் என்று அர்த்தம். இடுப்பு சிறுத்த சின்னக் கண்ணாடிக் குவளைகளில் தேநீர் வரும். பெரிய வீடுகளில் அந்தத் தட்டைத் தூக்கிக்கொண்டு வருகிறவள் சனம் மாதிரி ஒருத்தியாகத்தான் இருந்திருப்பாள். அடுத்தவளின் சம்மதத்தைச் சுமந்து வருகிறவள். அவளுடைய சம்மதத்தைக் கேட்க எவன் வந்து உட்கார்ந்தான்? யார் அவளுக்காகத் தேநீரில் சர்க்கரை போட்டார்கள்? இந்தக் கேள்வி மனசில் விழுந்த பிறகு அந்தப் படத்தை முன்னே மாதிரி சிரித்துப் பார்க்க முடியவில்லை. அதுக்காகப் பார்க்காமலும் இருக்க முடியவில்லை.

*

இப்போது கொஞ்சம் பின்னால் போகணும், 1929க்கு. இந்தப் படத்தைப் பற்றி எழுதத்தான் பேனாவை எடுத்தேன், இவ்வளவு நேரம் தள்ளிப்போட்டுக்கொண்டு வந்திருக்கிறேன்.

'செவில்'. ஜாபர் ஜப்பார்லியின் நாடகம். அங்கத்து அரசு ஸ்டுடியோவுக்கே பிற்பாடு ஜப்பார்லியின் பெயரைத்தான் வைத்தார்கள். செவில் முகத்திரை போட்ட, படிக்காத மனைவி. புருஷன் பாலாஷ் வங்கிக்காரன், மேலே மேலே போகிறவன். நாலு பெரிய மனிதர்கள் வீட்டுக்கு வந்தால் அவளைக் காட்டக் கூசுகிறான். தில்பர் என்கிற நாகரிகப் பெண்ணோடு சுற்றுகிறான். கிராமத்திலிருந்து வந்த கிழட்டுத் தகப்பன் அத்தாகிஷியும் அவனுக்குப் பாரம். பாலாஷின் தங்கச்சி குலுஷ்தான் செவிலின் கையைப் பிடித்துக்கொள்கிறாள். கடைசியில் செவில் முகத்திரையை வீசி எறிகிறாள், வீட்டை விட்டு வெளியேறுகிறாள், படித்துத் தன் காலில் நிற்கிறாள். நாடகம் நடந்த அரங்குகளில் பார்க்க வந்த பெண்கள் உட்கார்ந்த இடத்திலேயே முகத்திரையைக் கழற்றி எறிந்தார்கள் என்று இன்றும் சொல்கிறார்கள். படத்தில் செவிலாக நடித்த இஸ்ஸத் ஒருஜோவா 1936இல் 'அல்மாஸ்' படத்திலும் நடித்துவிட்டு, வேதியியல் படித்து விஞ்ஞானியாகி, நாட்டின் விஞ்ஞானக் கழகத்தில் உறுப்பினரானார். படத்தில் சொன்னதை அவர் வாழ்ந்தே காட்டிவிட்டார்.

பாலாஷைப் பார்த்து எல்லாரும் காறித் துப்பலாம். படமும் அதைத்தான் எதிர்பார்க்கிறது. என்னால் துப்ப முடியலை. நானும் ஒரு வங்கிக் குமாஸ்தா. வேலைக்குச் சேர்ந்த இரண்டாம் வருஷம் அப்பா ஊரிலிருந்து வந்தார். தோளில் துண்டு, கையில் மஞ்சப் பை. என் கவுன்ட்டருக்கு எதிரே வரிசையில் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பக்கத்து இருக்கைக்காரர், "யாரு சார் அது, உங்களையே பார்க்கிறார்?" என்றார். "எங்க ஊர்க்காரர்" என்றேன். பொய்யில்லை பாருங்கள், எங்க ஊர்க்காரர்தானே. அப்பா காதில் விழுந்துவிட்டது. வரிசை நகர்ந்து அவர் முறை வந்தது. சலானை நீட்டினார். பூர்த்தி செய்து கொடுத்தேன். "வரேன் சார்" என்று சொல்லிவிட்டுப் போனார். பெற்ற மகனைச் சார் என்று கூப்பிட்டு என் பொய்யைக் காப்பாற்றிக் கொடுத்துவிட்டுப் போனார். அதற்குப் பிறகு அவர் அந்தக் கிளைக்கு வரவேயில்லை.

பாலாஷும் நானும் ஒன்று என்று சொல்ல வரலை. அவனைத் துரத்தியது அந்தஸ்து ஆசை. என்னைத் துரத்தியது சாதி தெரிந்துவிடுமோ என்கிற பயம். ஆனால் மேசைக்கு அந்தப் பக்கம் நிற்கிற கிழவனுக்கு இந்த வித்தியாசத்தால் என்ன லாபம்? 'செவில்' படத்தைப் பெண் விடுதலைப் படம் என்றே எல்லாரும் எழுதுகிறார்கள், சரிதான். எனக்கு அது படித்து மேலே வந்தவன் யாரையெல்லாம் உள்ளறையில் ஒளித்துவைக்கிறான் என்பதைப் பற்றிய படமாகவும் இருக்கிறது.

இன்னொன்றையும் சொல்லணும். 1929இல் முகத்திரையை எறி என்று சொன்னதில் சோவியத் அரசின் குரலும் இருந்தது. அரசுக்குத் தொழிற்சாலைக்கு ஆள் வேண்டும், முல்லாக்களின் பிடியையும் உடைக்க வேண்டும். அதனால் அந்த விடுதலை பொய் என்று சொல்லிவிட முடியுமா? மேலே இருந்து வந்த கதவாக இருந்தாலும் நடந்து வெளியே போனது பெண்களின் கால்கள்தான். பாகு நகரத்தில் முகத்திரையை விலக்கி எறிகிற பெண்ணின் பெரிய சிலை ஒன்று நிற்கிறது. ஃபுவாத் அப்துர்ரஹ்மானோவ் என்கிற சிற்பி செய்தது, 1960இல் வைத்தார்கள். செவிலை நினைக்காமல் அந்தச் சிலையைப் பார்க்க முடியாது. சிலை வைத்தால் எல்லாம் முடிஞ்சதுன்னு அர்த்தமா? நமக்குத் தெரியாததா இது?

*

முடியவில்லை என்று பிற்பாடு வந்த படங்களே சொல்கின்றன. முகத்திரை போன இடத்தில் தெரு வந்து உட்கார்ந்துகொண்டது.

எல்தார் குலியெவ் இயக்கி, ருஸ்தம் இப்ராஹிம்பெகோவ் எழுதிய 'ஒரு தென்னக நகரத்தில்' 1969இல் வந்தது. பாகுவின் ஒரு சாதாரணத் தெரு. வேலையில்லாத நேரத்தில் ஆண்கள் முக்கில் நின்று போகிற வருகிறவர்களை அளக்கிறார்கள். சொல்லிவைத்த பெண்ணை விட்டுவிட்டு வேறொருத்தியைக் கட்டிக்கொண்டு வந்தவனை என்ன செய்வது? பெண்ணின் அண்ணன் பழிவாங்கியே ஆகணும் என்று தெரு எதிர்பார்க்கிறது. அவனுக்கு நிஜமாகவே கோபமா என்பது தெருவுக்கு முக்கியமில்லை. 'கெய்ரத்', ஆம்பளை ரோஷம், இருக்கிறதா என்று தெரு பார்த்துக்கொண்டிருக்கிறது. சோவியத் ஆட்சி வந்து அரை நூற்றாண்டு ஆகப்போகிற நேரத்தில், பெண்ணின் மனசில் என்ன இருக்கிறது என்று தெருவில் ஒருத்தனும் கேட்கவில்லை என்பதை அந்தப் படம் சத்தம் போடாமல் காட்டிவிட்டது.

இதே செயித்ஸாதே 1978இல் எடுத்த 'கய்னனா', அதாவது 'மாமியார்', இன்றைக்கும் அங்கே வீட்டுக்கு வீடு பிரியமான படம். ஜன்னத் என்கிற மாமியாராக நசீபா ஸெய்னலோவா. கையை இடுப்பில் வைத்து அவர் நிற்கிற நிலையே போதும். ஆனால் பாருங்கள், மாமியாரும் மருமகளும் மோதிக்கொள்ள, நடுவில் நிற்கிற மகன் அப்பாவியாகத் தப்பித்துக்கொள்கிறான். வீட்டுக்குள்ளே அதிகாரம் என்றால் கிழவி என்று காட்டிவிட்டால், அந்தக் கிழவியை அப்படி ஆக்கிய வீட்டு அமைப்பைக் கேள்வி கேட்க வேண்டியதில்லையே.

ரசிம் ஒஜாகோவ் 1993இல் எடுத்த 'தஹ்மினா' இவ்வளவு சுலபமாக யாரையும் தப்பிக்கவிடுவதில்லை. அனார் எழுதிய நாவல் அது. நாவலின் பெயர் 'ஐந்து மாடி வீட்டின் ஆறாவது மாடி'. தஹ்மினா தொலைக்காட்சி அறிவிப்பாளர், விவாகரத்தானவள். ஸாவுர் என்கிற இளைஞன் அவளை விரும்புகிறான். அவன் வீடு ஒப்பவில்லை. ஊர் அவளைப் பற்றிப் பேசாத பேச்சில்லை. அவள் முகம் தினமும் நாட்டுக்கே தெரிகிறது. முகம் தெரிகிற பெண் என்பதாலேயே சந்தேகம் கூடுகிறது. செவில் முகத்திரையை எறிந்து அறுபத்து நாலு வருஷத்துக்குப் பிறகு! ஸாவுர் கெட்டவனில்லை. தைரியமில்லாதவன். அம்மா சொன்ன பெண்ணைக் கட்டிக்கொள்கிறான், தஹ்மினா செத்துப்போகிறாள். ஆறாவது மாடி என்பது இல்லாத இடம். அந்தக் காதலுக்கு அந்த வீட்டில் அவ்வளவுதான் இடம். படித்த, முற்போக்குப் பேசுகிற ஆண்கள் இந்தப் படத்தைக் கொஞ்சம் தலைகுனிந்துதான் பார்க்க வேண்டியிருக்கும்.

*

இதற்கிடையில் போர். கராபாக் மலைநாட்டுக்காக ஆர்மேனியர்களும் அஜர்பைஜானியர்களும் 1988இலிருந்து 1994வரை மோதினார்கள். லட்சக்கணக்கான அஜர்பைஜானியர் ஊரைவிட்டு ஓடி அகதிகளானார்கள். 2020இல் 44 நாள் மறுபடி போர். 2023 செப்டம்பரில் கராபாக்கிலிருந்து ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட ஆர்மேனியர்கள் சில நாட்களுக்குள் வெளியேறினார்கள்.

போரைப் பற்றி அங்கே படங்கள் நிறைய. எதிரியைப் பேயாகக் காட்டுவது எந்த நாட்டுச் சினிமாவுக்கும் சுலபம். எல்ச்சின் மூசாவோக்லு 2014இல் எடுத்த 'நபாத்' அதைச் செய்யவில்லை. மலைக் கிராமத்தில் ஒரு கிழவி. மகன் போரில் செத்துவிட்டான், புருஷன் படுக்கையில். ஒரே ஒரு மாடு. பாலைச் சுமந்துகொண்டு விற்க நடக்கிறாள். ஒரு நாள் போய்ப் பார்த்தால் ஊரில் யாருமில்லை. எல்லோரும் கிளம்பிவிட்டார்கள், இவளுக்குச் சொல்ல யாருக்கும் நினைவில்லை. அதற்கப்புறம் அவள் செய்கிற காரியம்தான் படம். காலியான வீடுகளில் விளக்கேற்றுகிறாள். ஃபாதெமே மொதாமெத்ஆர்யா என்கிற ஈரான் நடிகை இதைப் பேச்சே இல்லாமல் நடந்து நடந்தே செய்திருக்கிறார். நான் பார்த்தவற்றில், ஊர்க் கணக்கில் விட்டுப்போன ஒருத்தியை நடுவில் வைத்து, அவள் கண்ணால் உலகத்தைக் காட்டிய அஜர்பைஜான் படம் இதுதான் முதலில் தெரிந்தது. சனத்தின் வயசான உருவம் மாதிரி இருந்தாள்.

ஒரு தகவலை இங்கே வைக்கணும். 'செவில்' படத்தை எடுத்த அமோ பெக் நஸாரோவ் ஓர் ஆர்மேனியர். அதற்கு நாலு வருஷம் முன்னால், 1925இல், ஆர்மேனியாவில் 'நாமூஸ்' என்று ஒரு படம் எடுத்தவர். நிச்சயமான பெண்ணும் பையனும் வழக்கத்தை மீறிச் சந்தித்துக்கொண்டதற்காகப் பெண்ணை வேறொருவனுக்குக் கட்டிவைக்கிறார்கள். மானம் போய்விட்டது என்று நம்பி அந்தப் புருஷன் அவளைக் கொல்கிறான். கதை நடக்கிற ஊர் ஷமாஹி; இன்றைக்கு அது அஜர்பைஜானில் இருக்கிறது. ஒரே ஊர், மானத்துக்கு ஒரே சொல், அந்தச் சொல்லுக்குச் செத்த பெண்கள் இரண்டு பக்கத்திலும். எல்லையில் துப்பாக்கியோடு நிற்கிறவர்களுக்கு இது ஞாபகமிருக்குமா?

*

சமீபத்து இயக்குநர்கள் இந்தக் குடும்பம் என்கிற கோட்டையைப் பேசத் தொடங்கியிருக்கிறார்கள். இல்கர் நஜாஃபின் 'மாதுளைத் தோட்டம்' 2017இல் வந்தது. செகாவின் செர்ரித் தோட்டத்தை அங்கத்து மண்ணில் நட்ட மாதிரி. பன்னிரண்டு வருஷம் ஊரைவிட்டுப் போயிருந்த மகன் திரும்பி வருகிறான். அப்பன், மனைவி, மகன் மூன்று பேரும் அவனை நம்பத் தொடங்குகிறார்கள். அந்த நம்பிக்கைதான் அவர்களுக்கு ஆபத்து. அசிஃப் ருஸ்தமோவின் 'பளிங்கின் குளிர்' 2022. மகன் கல்லறைக் கற்களில் முகங்களைச் செதுக்கிப் பிழைக்கிறான். அவன் அம்மாவைக் கொன்ற அப்பன் சிறையிலிருந்து வீடு திரும்புகிறான். கொன்றவனோடு ஒரே வீட்டில் தேநீர் குடிக்க வேண்டும். அப்பா என்கிற சொல்லை என்ன செய்வது?

அதே 2022இல் தஹ்மினா ரஃபாயெல்லா என்கிற பெண் எழுதி, இயக்கி, தானே நடித்த 'பானு' வந்தது. 2020 போர் நடக்கிற நாட்கள். ஊர் முழுக்கக் கொடி, தேசபக்தி. பானு விவாகரத்து கேட்டிருக்கிறாள். புருஷன் செல்வாக்குள்ளவன். மகன் அவளிடம் இருக்க வேண்டுமென்றால் அவளுக்காக நீதிமன்றத்தில் யாராவது சாட்சி சொல்லணும். நாலு நாள்தான் இருக்கிறது. தெரிந்தவர்கள் வீட்டுக் கதவுகளைத் தட்டிக்கொண்டு போகிறாள். எல்லாருக்கும் உண்மை தெரியும். எல்லாரும் பாவம் என்கிறார்கள். ஒவ்வொருத்தருக்கும் வராததற்கு ஒரு காரணம் இருக்கிறது. தேசத்துக்காகச் சாகத் தயாரென்று பேசுகிற ஊரில் ஒரு பெண்ணுக்காக வந்து நாலு வார்த்தை உண்மை சொல்ல ஆளில்லை.

'செவில்' படத்தில் கதவைத் திறந்து வெளியே போனால் போதும், வெளியே புது உலகம் காத்திருக்கிறது என்று நம்பினார்கள். தொண்ணூற்று மூன்று வருஷம் கழித்து பானு வெளியேதான் நிற்கிறாள். முகத்திரை இல்லை, படிப்பு இருக்கிறது. கதவுகள்தான் திறக்கவில்லை. முகத்தை மூடியது துணி மட்டும் என்று நினைத்தது பிழை. அக்கம்பக்கத்தின் மௌனமும் முகத்தை மூடுகிறது. அந்த மௌனம் ஒவ்வொரு வரிசையிலும் ஒவ்வொரு விலைக்குக் கிடைக்கிறது. படித்த, பட்டணத்துப் பெண்ணான பானுவுக்கே ஒரு சாட்சி கிடைக்க இத்தனை பாடு என்றால், தெல்லி வழக்குப் போட்டால் யார் வருவார்? சனம் போட்டால்? நான் பார்த்த படங்களில் அந்தப் படம் இன்னும் இல்லை. 'நபாத்' அதன் பக்கத்தில் வந்திருக்கிறது.

தூர தேசத்துச் சினிமாவைப் பற்றித் தீர்ப்புச் சொல்கிற உயரத்தில் நான் இல்லை. அப்பாவை ஊர்க்காரர் என்று சொன்னவன் நான். இந்த வருஷம் பொங்கலுக்கு ஊருக்குப் போனபோது அதைப் பேச்சில் எடுத்தேன். "அதெல்லாம் ஞாபகமில்லடா" என்றார். ஞாபகமிருக்கிறது என்று எனக்குத் தெரியும், எனக்குத் தெரியும் என்று அவருக்கும் தெரியும்.

தோழர்களே, நம்ம கூட்டங்களில் பெண் விடுதலை, சாதி ஒழிப்பு என்று மணிக்கணக்காகப் பேசுகிறோம். நடுவில் தேநீர் வருகிறது. யாருடைய வீட்டில் கூட்டமோ அந்த வீட்டுப் பெண் கொண்டுவந்து வைத்துவிட்டு உள்ளே போய்விடுகிறாள். எத்தனை பேருக்கு அவள் பெயர் தெரியும்? அவள் என்ன நினைக்கிறாள் என்று எத்தனை தடவை கேட்டிருக்கிறோம்? அடுத்த மாதக் கூட்டத்தில் 'பானு'வைத் திரையிடலாம் என்று இருக்கிறேன். வீட்டுக்காரப் பெண்கள் முன்வரிசையில் உட்காரட்டும், படம் முடிந்ததும் அவர்கள் முதலில் பேசட்டும். தேநீரை நான் போடுகிறேன். நல்லா இருக்காது, பொறுத்துக்கொள்ளுங்கள்.